தொண்டை கட்டினவன்

காப்பிக் கடை வாசலில் போலீஸ் ஜீப் வந்து நின்றதும், கடை லைசென்ஸைப் புதுப்பிக்கவில்லையே என்றுதான் கடைக்காரன் அக்லி முதலில் நினைத்தான். வந்த இருவரும் காப்பிகூடக் கேட்கவில்லை. மெஸியான் எங்கே என்று கேட்டார்கள்.

"எந்த மெஸியான்?" என்றான் அக்லி. இக்ஸெர் ஊரில் இருப்பது ஒரே ஒரு மெஸியான்தான். ஆனால் எங்கள் மலைப்பக்கம் போலீஸ் ஒரு பெயரைச் சொன்னால் முதலில் இப்படிக் கேட்டுத்தான் பழக்கம்.

"தண்ணி திறந்துவிடுற மெஸியான்."

"ஓ, அவனா. போன வாரம் ரெண்டு நாள் தண்ணி வரல. அதுக்காகவா ஜீப்ல வந்தீங்க?"

அதற்கில்லை. சாலையை அகலப்படுத்த வந்த இயந்திரம் கீழ்க்காட்டில் ஒரு பாறையைப் புரட்டியிருக்கிறது. அடியில் குழி. குழிக்குள் பிளாஸ்டிக் தாளில் சுற்றிய துப்பாக்கிகள். இருபத்தைந்து வருஷ ஈரத்தில் பலதும் துருவேறி ஒன்றோடொன்று ஒட்டிக் கிடந்தன. ஒன்றில் மட்டும் எண்ணைப் படிக்க முடிந்தது. அது மெஸியானின் பழைய லைசென்ஸில் இருந்த எண். வியாழக்கிழமை அவன் டவுன் ஸ்டேஷனுக்கு வர வேண்டும். அந்தத் துப்பாக்கியை அறிந்த இரண்டு சாட்சிகளையும் கூட்டி வர வேண்டும்.

"நல்ல சேதிதானே," என்றான் இளைய போலீஸ்காரன். "அப்போ அரசாங்கம் வாங்கி வச்ச துப்பாக்கியத் திருப்பிக் கொடுங்கன்னு எத்தனை பேரு வருஷக்கணக்கா நடையா நடக்குறாங்க."

கடையில் யாருக்கும் அது நல்ல சேதியாகப் படவில்லை. டோமினோ ஆடிக்கொண்டிருந்தவர்கள் காய்களைக் கவிழ்த்து வைத்தார்கள்.

அக்லியே ஏறிப் போய்ச் சொன்னான். ஊருக்கு மேலே, கடைசி வீட்டையும் தாண்டி, தண்ணீர்த் தொட்டி. வால்வைத் திருகி, மேல் தெருவுக்கு ஒரு நாள், கீழ்த் தெருவுக்கு ஒரு நாள் என்று தண்ணீர் விடுவதுதான் மெஸியானின் வேலை. ஓய்வு பெற்ற பிறகும் நகராட்சி புது ஆளைப் போடவில்லை, அவனும் சாவியைக் கொடுக்கவில்லை. ஊரில் அவனோடு சண்டை போடாத வீடு கிடையாது, அவன் இல்லாமல் ஓடுகிற வீடும் கிடையாது. நல்லவன் என்றே சொல்ல வேண்டும். சாவு விழுந்தால் குழி வெட்ட முதல் மண்வெட்டி அவனுடையதாக இருக்கும். ஒரே ஒரு கோளாறு. நாலு பேர் முன்னால் மட்டமாகத் தெரிவதை மட்டும் அவனால் தாங்க முடியாது. அந்த ஒன்றே போதுமானதாக இருந்தது.

"தொண்டை கட்டினவன் கிடைச்சுட்டானாம்," என்றான் அக்லி, மூச்சு வாங்க.

மெஸியான் வால்விலிருந்து கையை எடுக்கவில்லை. "செத்தா கிடக்கு?" என்று கேட்டான்.

"துரு. ஆனா நம்பர் இருக்கு."

தொண்டை கட்டினவன் என்பது அந்தத் துப்பாக்கிக்கு ஊர் வைத்த பெயர். இரட்டைக் குழல் வேட்டைத் துப்பாக்கி. மெஸியானுடைய தங்கை கல்யாணத்தில் குஷி மிகுந்து தோட்டாவில் மருந்தை அளவில்லாமல் கெட்டித்ததில் வலது குழலின் வாய் பிளந்துவிட்டது. கொல்லன் நாலு விரல் அளவுக்கு அதை அறுத்தெடுத்தான். அன்றிலிருந்து ஒரு குழல் குட்டை, ஒரு குழல் நெட்டை. முதல் வெடி இருமும். இரண்டாவது கணீரென்று விழும்.

எங்கள் பக்கம் மணப்பெண் வாசலுக்கு வந்தால் வெடி, ஆண் குழந்தை பிறந்தால் வெடி. வெடி கேட்டதும் பெண்கள் குலவை போடுவார்கள். ஒரு முற்றத்தில் தொடங்கினால் அடுத்த முற்றம் வாங்கிக்கொள்ளும், அப்படியே ஓடையைத் தாண்டி எதிர் மலை வரைக்கும் போகும். சுட்டது எந்த வீட்டுத் துப்பாக்கி என்பதைச் சத்தத்தை வைத்தே சொல்லிவிடுவார்கள். பெண் குழந்தைக்கு வெடியும் கிடையாது, குலவையும் கிடையாது. அதில் பெருமைப்பட ஒன்றுமில்லை.

இக்ஸெரில் குலவையைத் தொடங்குகிறவள் ஜூஹெர். வேன் ஓட்டிய ரெஸ்கியின் மனைவி. அவள் தொடங்காத குலவையை மற்ற பெண்கள் குலவையாகவே மதிக்க மாட்டார்கள். மெஸியானுக்கு அவள் அடுத்த சந்து. அண்ணே அண்ணே என்றுதான் கூப்பிடுவாள்.

காட்டுக்குள் ஆயுதக்காரர்கள் தங்கியிருந்த அந்தக் கெட்ட வருஷங்களில், ஒரு நாள் பொழுது சாயும் நேரத்தில், நாலு பேர் மெஸியான் வீட்டுக்குள் வந்தார்கள். ஒருவனுக்கு மீசைகூடச் சரியாக முளைக்கவில்லை. சுவரில் மாட்டியிருந்த துப்பாக்கியை அவன்தான் எடுத்தான். "தோட்டா?" என்று கேட்டான். மெஸியானே பெட்டியைத் திறந்து எடுத்துக் கொடுத்தான். மனைவி நுவாரா வயிற்றில் கை வைத்தபடி மூலையில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். அவர்கள் போன பிறகு அவன் அவளிடம் சொன்னது ஒன்றே ஒன்றுதான்: "வெளிய மூச்சு விடாத."

அடுத்த வாரமே அரசாங்க உத்தரவு வந்தது. ஊரில் உள்ள துப்பாக்கிகள் காட்டுக்காரர்கள் கையில் சிக்கக் கூடாது, எல்லோரும் கொண்டுவந்து ஒப்படைக்க வேண்டும். பள்ளிக்கூட முற்றத்தில் மேசை போட்டு உட்கார்ந்தார்கள். மெஸியான் அப்பா காலத்து மருந்துத் துப்பாக்கியை, எலி கடித்த உறையோடு, கொண்டுபோய்க் கொடுத்தான். வரிசை நீளமாக இருந்தது, வெயில் கொளுத்தியது, எண்ணை ஒப்பிட்டுப் பார்க்க யாருக்குப் பொறுமை? பெயருக்கு நேரே ஒரு கோடு போட்டு அனுப்பிவிட்டார்கள்.

வெளியே வந்ததும் அக்லி காதைக் கடித்தான். "தொண்டை கட்டினவன் எங்கடா?"

அந்த இடத்தில் மெஸியான் உண்மையைச் சொல்லியிருக்கலாம். என் வீட்டுக்குள் வந்து, என் சுவரிலிருந்து எடுத்தார்கள், நான் தோட்டாவையும் கொடுத்தேன் என்று சொல்லியிருக்கலாம். அவன் கண்ணடித்தான். "நல்லாத் தூங்குறான்," என்றான்.

பொழுது சாய்வதற்குள் ஊர் முழுக்க அந்தப் பேச்சுத்தான். மெஸியான் அரசாங்கத்துக்கே அல்வா கொடுத்துவிட்டான், துப்பாக்கியை எங்கோ பத்திரமாக வைத்திருக்கிறான், ஆபத்து என்றால் நமக்கு ஒன்றாவது இருக்கிறது. ஆண்கள் முதுகில் தட்டினார்கள். அவனுக்கு அது வேண்டியிருந்தது, வாங்கிக்கொண்டான்.

அத்திப்பழம் காயப்போடும் காலம் வந்தது. நுவாராவுக்கு நாள் நெருங்கிவிட்டது. முதல் இரண்டும் பெண், இந்தத் தடவை பையன்தான் என்று ஊரே தீர்மானம் செய்து வைத்திருந்தது. ஒரு மத்தியானம் ஜூஹெர் கூரைமேல் உட்கார்ந்து அத்திப்பழத்தைப் புரட்டிப் போட்டுக்கொண்டிருந்தாள். கீழே மலைச்சரிவிலிருந்து சத்தம் வந்தது. ஒரு இருமல். பிறகு கணீரென்று ஒன்று.

"அண்ணனுக்குப் பையன்!" என்று எழுந்தாள் ஜூஹெர். பழத் தட்டு கவிழ்ந்ததைக்கூடக் கவனிக்கவில்லை. ஊருக்கு உள்ளே சுட்டால் போலீஸ் வரும் என்று கீழே போய்ச் சுட்டிருக்கிறார் என்று நினைத்தாள். அங்கேயே நின்று குலவை போட்டாள். பக்கத்துக் கூரை வாங்கிக்கொண்டது. மேல் தெரு வாங்கிக்கொண்டது. அந்த வருஷம் முழுக்கப் பயந்து பயந்து பேசிய ஊர், குரலை அடக்கி வைத்திருந்த பெண்கள், ஒரு நல்ல காரணம் கிடைத்ததும் தொண்டை கிழியக் குலவை போட்டார்கள். எதிர் மலையிலிருந்தும் பதில் வந்தது.

மெஸியான் தொட்டியில் இருந்தான். அவனும் இருமலைக் கேட்டான், கணீரையும் கேட்டான். அது யார் கையிலிருந்து வந்த சத்தம் என்று அந்த ஊரில் தெரிந்திருந்த ஒரே ஆண் அவன்தான். பிறகு குலவை கேட்டது.

ஓடியிருக்க வேண்டும். அங்கிருந்தே கத்தியிருந்தாலும் நாலு வீட்டுக்குக் கேட்டிருக்கும். ஆனால் கத்தினால், அது உன் துப்பாக்கி இல்லையா என்பார்கள். என்னிடம் இல்லை என்று சொல்ல வேண்டும். எப்போதிலிருந்து இல்லை என்பார்கள். பயமும் இருந்தது, அவனுக்கு மட்டும் இல்லாமல் போகுமா. காட்டுக்காரர்கள் பன்றியைச் சுட்டிருப்பார்கள் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டான். வால்வைத் திறந்தான், மூடினான், மறுபடி திறந்தான். பிறகு சாவியை எடுத்துக்கொண்டு மெதுவாக இறங்கினான்.

பெண்கள் அதற்குள் முட்டையும் ரவையும் எண்ணெயுமாக நுவாரா வீட்டு முற்றத்தில் நிறைந்துவிட்டார்கள். நுவாரா ரொட்டிக்கு மாவு பிசைந்துகொண்டிருந்தாள்.

"எங்கடி பிள்ள?"

"எந்தப் பிள்ள?" என்றாள் நுவாரா. வயிறு அப்படியே இருந்தது.

சிரித்துக்கொண்டே வந்தவர்கள் ஒவ்வொருவராக நின்றுபோனார்கள். முன்னால் நின்ற ஜூஹெரின் மடியில் முட்டைகள் இருந்தன. அப்போதுதான் மெஸியான் சந்தில் இறங்கி வந்தான்.

"யாரு சுட்டது?" என்று கேட்டாள் ஒரு கிழவி.

"என்கிட்ட இல்ல," என்றான் மெஸியான். "கொண்டுபோயிட்டாங்க."

எல்லோரும் கீழே ஓடினார்கள். சாலை வளைவில் வேன் நின்றது. காட்டுக்காரர்கள் கேட்டும் வண்டியைத் தர மறுத்திருக்கிறான் ரெஸ்கி. அவன் முன்சக்கரத்தில் சாய்ந்து உட்கார்ந்த நிலையில் இருந்தான், உடம்பில் சூடு இன்னும் இருந்தது. டவுன் டாக்டர், கொஞ்சம் முன்னால் கொண்டுவந்திருந்தால், என்று ஆரம்பித்தார். அக்லி அவர் கையைப் பிடித்து நிறுத்தினான்.

துப்பாக்கி எப்போது போயிற்று என்று ஊர் கேட்டது. "முன்னாடி," என்றான் மெஸியான். எவ்வளவு முன்னாடி என்று யாரும் கேட்கவில்லை. மறைத்து வைத்த இடத்தைக் காட்டுக்காரர்கள் கண்டுபிடித்திருப்பார்கள், முந்தின நாளோ அதற்கு முந்தின நாளோ, என்று அவரவர் நினைத்துக்கொண்டார்கள். அவன் அப்படியே விட்டுவிட்டான்.

அடுத்த வாரம் நுவாராவுக்குப் பெண் பிறந்தது. தாவூஸ் என்று பெயர் வைத்தார்கள். ஊர் சத்தமில்லாமல் இருந்தது.

ஜூஹெர் அதன் பிறகு குலவை போடவே இல்லை. தன் மகன் கல்யாணத்தில் பெண் வந்து வாசலில் நின்றபோதும் உதட்டை மடித்துக்கொண்டு நின்றாள். மெஸியானோடு சண்டை போடவில்லை, திட்டவில்லை. பேசவில்லை, அவ்வளவுதான். எந்த வீட்டில் விசேஷம் என்றாலும் மெஸியான் தொட்டிக்குப் போய்விடுவான். வால்வை முழுக்கத் திறந்துவிட்டு, தண்ணீர் இரைச்சலுக்குப் பக்கத்தில் காதை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பான். கல்யாணத்தன்று இக்ஸெரில் தண்ணீர் தாராளமாக வரும். விருந்துக்காக விடுகிறான், என்ன இருந்தாலும் மனசுள்ளவன் என்று ஊர் சொல்லும். இரைச்சலுக்குள்ளும் அவனுக்குக் குலவைதான் கேட்கும்.

"துப்பாக்கி உன்னுதுன்னு சொல்றது சுலபம்," என்றான் இப்போது தொட்டியடியில் நின்ற அக்லி. "நம்பர் இருக்கு, அறுத்த குழல் இருக்கு. கேக்கப்போறது வேற. ஒப்படைச்சதா கோடு போட்டிருக்கு, அப்புறம் எப்படிக் காட்டுக்குப் போச்சுன்னு கேப்பாங்க. நீயா கொடுத்தேன்னு எழுதிட்டா முடிஞ்சுது. கொன்ன காட்டுக்காரனுக்கெல்லாம் அரசாங்கம் மன்னிப்பு கொடுத்துடுச்சு. துப்பாக்கி கொடுத்தவனுக்கு உண்டான்னு எனக்குத் தெரியல."

"நீ ஒரு சாட்சி."

"நான் சரி. இன்னொண்ணு? நம்ம செட்டுல பாதி மண்ணுக்குள்ள, பாதி பாரிஸ்ல." அக்லி தொண்டையைச் செருமினான். "ஒருத்தி இருக்கா."

மெஸியான் அந்தச் சந்துக்குள் நுழைந்து இருபத்தைந்து வருஷம் ஆகிறது. கதவு திறந்தே இருந்தது. ஜூஹெர் ஆலிவ் காய்களைக் கல்லால் தட்டிக்கொண்டிருந்தாள். அவன் வாசலுக்கு வெளியே நின்று விஷயத்தைச் சொன்னான். அவள் தட்டுவதை நிறுத்தவில்லை.

"வியாழக்கிழமையா?" என்றாள்.

"ஆமா."

"வேன் எத்தனை மணிக்கு?"

"எட்டு." அவன் போகாமல் நின்றான். "என்ன சொல்லப்போற, ஜூஹெர்?"

"கேட்டதுக்குப் பதில் சொல்வேன்," என்றாள்.

ஸ்டேஷனில் இருந்த அதிகாரி சமவெளிக்காரன், சின்ன வயது, அரபி மட்டும்தான் தெரியும். ஜூஹெருக்கு எங்கள் மலைப் பாஷையைத் தவிர வேறு வராது. அக்லி நடுவில் உட்கார்ந்து மொழிபெயர்த்தான். மேசைமேல் துணி விரித்து அதைக் கிடத்தியிருந்தார்கள். கட்டை பாதி மக்கிப் போயிருந்தது. குட்டைக் குழலும் நெட்டைக் குழலும் அப்படியே இருந்தன. மெஸியான் ஒரு தடவைதான் பார்த்தான்.

"உங்களுதா?"

"என்னுதுதான்."

"எப்போ போச்சு?"

"துப்பாக்கியெல்லாம் வாங்குறதுக்கு ஒரு வாரம் முன்னாடி. வீட்டுக்கு வந்து எடுத்துட்டுப் போனாங்க. நான் ஒப்படைச்சது அப்பாவோட பழசு."

அக்லி தலையைத் திருப்பி அவனைப் பார்த்தான். இருபத்தைந்து வருஷத்தில் அந்தக் கணக்கை அவன் இப்போதுதான் கேட்கிறான்.

"புகார் கொடுத்தீங்களா?"

"இல்ல."

"ஏன்?"

"வெக்கமா இருந்துச்சு."

அதிகாரி பேனாவைக் கீழே வைத்தான். வெட்கம் என்பதை எந்தக் கட்டத்தில் எழுதுவது என்று அவனுக்குத் தெரியவில்லை. ஜூஹெர் பக்கம் திரும்பினான். இந்தத் துப்பாக்கியை எப்படித் தெரியும் என்று கேட்டான்.

"காதால தெரியும்," என்றாள் அவள். அக்லி சொன்னான். அதிகாரி புரியாமல் பார்த்தான்.

"இவங்க வீட்டுக்காரர் செத்த அன்னைக்கு இது இவர் கையில இருந்துச்சா, இல்லையா? அதைச் சொல்லச் சொல்லுங்க."

ஒரு வார்த்தை போதும். நல்லாத் தூங்குறான் என்று இவரே சொன்னாரே என்று அவள் சொன்னால், அதிலும் பொய் இல்லை.

ஜூஹெர் துப்பாக்கியைப் பார்த்துக்கொண்டே பேசினாள். "இவர் கையில இல்ல. வெடி கீழ வெடிச்சுது, இவர் மேலேருந்து வந்தார். கையில தொட்டிச் சாவி மட்டும்தான். மெதுவா வந்தார். நான் பாத்தேன், மெதுவாத்தான் வந்தார். அது தன் கையில இல்லன்னு இவருக்குத் தெரியும். எங்களுக்குத் தெரியாது. எனக்குத் தெரிஞ்சிருந்தா நான் குலவை போட்டிருக்க மாட்டேன். ஓடியிருப்பேன்."

அதிகாரி அக்லியைப் பார்த்தான்.

"அன்னைக்கு அது இவர்கிட்ட இல்ல," என்றான் அக்லி அரபியில். "வெடி கீழேருந்து வந்துச்சு, இவர் மேலே தொட்டியிலேருந்து வந்தார், கையில சாவி மட்டும்தான்னு சொல்றா."

"இவ்வளவு நேரம் பேசினாங்களே. இவ்வளவுதானா?"

"பொம்பளைங்க பேச்சு, சார். ஒண்ணையே சுத்திச் சுத்திச் சொல்லுவாங்க."

அதிகாரி மெஸியானைப் பார்த்தான். "நீங்க சொல்லுங்க. உங்களுக்கு ரெண்டு பாஷையும் தெரியும்ல. சரியா சொல்லிட்டாரா?"

மெஸியான் வாயைத் திறந்தான். ஜூஹெர் முதல் முறையாக அவன் முகத்தைப் பார்த்தாள்.

"சரிதான்," என்றான்.

முத்திரை விழுந்தது. துப்பாக்கி மெஸியானுடையது, சட்டப்படி வாங்கியது, ஒப்படைப்புக்கு முன்பே பறிக்கப்பட்டது, சம்பவ நாளில் அவன் வசம் இல்லை. மேலிட உத்தரவு வந்ததும் வந்து எடுத்துக்கொள்ளலாம், வேண்டாமென்றால் எழுதிக் கொடுத்தால் அழித்துவிடுவார்கள். மெஸியான் காகிதத்தை நாலாக மடித்துச் சட்டைப் பையில் வைத்தான். நிம்மதி வந்திருக்க வேண்டும், வரவில்லை.

திரும்பும் வேனில் ஜூஹெர் முன் இருக்கையில் உட்கார்ந்தாள், அவர்கள் இருவரும் பின்னால். டிரைவர் பாட்டை நிறுத்திவிட்டான். சாலை வேலை நடக்கும் வளைவில் ஒரு லாரி குறுக்கே நின்றது, அது நகரும் வரை அங்கேயே காத்திருக்க வேண்டியதாயிற்று.

"அக்லி பாதியில நிறுத்திட்டான்," என்றாள் ஜூஹெர், திரும்பாமல்.

அக்லி முன் இருக்கையைப் பிடித்துக்கொண்டு எட்டிப் பார்த்தான். "உனக்கெப்படி..."

"தினம் சாயங்காலம் டி.வி.ல அரபி நாடகம் பாக்குறேன். பேசத்தான் வராது. நல்லாப் புரியும்."

லாரி நகர்ந்தது. வேன் கியர் மாறி மேலே ஏறத் தொடங்கியது.

"அவனை விடுங்க, அவன் நல்லதுன்னு நெனச்சு நிறுத்தினான்," என்றாள். "மீதிய நீங்க சொல்லுவீங்கன்னு உங்க வாயவே பாத்துக்கிட்டு இருந்தேன், அண்ணே."

மெஸியான் சட்டைப் பைமேல் கையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். ஊர் வந்தது. அவள் இறங்கித் தன் சந்துக்குள் போனாள். அன்று கீழ்த் தெருவுக்குத் தண்ணீர் விட வேண்டிய நாள், அவன் சாவியை எடுக்க வீட்டுக்கு நடந்தான்.